சோவியத் பாலெரினா என்றால் யார்? மாயா பிளிசெட்ஸ்கயாவை வைத்து ஓர் எளிய விளக்கம்

1970களிலும் 80களிலும் பள்ளிக்கூடம் போனவர்களுக்கு ‘சோவியத் நாடு’ இதழின் வழவழப்பான தாள் மறந்திருக்காது. வாசிக்கிறவர்கள் வாசித்தார்கள்; மற்றவர்கள் நோட்டுக்கு அட்டை போட்டார்கள். எங்கள் வீட்டில் அக்காவின் கணக்கு நோட்டு அட்டையில், வெள்ளை உடுப்பில், ஒற்றைக் கால் விரல் நுனியில் நின்றபடி ஒரு பெண் இருந்தார். பெயர் இருந்த இடம் மடிப்புக்குள் போய்விட்டது. எங்கோ மாஸ்கோவில் ஆடியவரின் படத்தைத் தமிழ் வாசகர் கைவரை கொண்டு சேர்க்க ஓர் அரசு ஏன் இவ்வளவு பாடுபட்டது என்று யோசிக்க எனக்குப் பல வருடம் ஆனது.

பாலே பற்றிப் பேச்சு வந்தால் “கால் நுனியில் ஆடுவதுதானே” என்று முடித்துவிடுகிறோம். சோவியத் பாலே என்றால் பேச்சு இரண்டாகப் பிரிகிறது. “அரசே சோறு போட்டு ராணி மாதிரி வைத்திருந்தது” என்பார் ஒருவர். “பாவம், எல்லோரும் கைதிகள்” என்பார் இன்னொருவர். இரண்டிலும் கொஞ்சம் உண்மை இருக்கிறது. ஆனால் ராணியாக வைத்ததும் கைதியாக வைத்ததும் ஒரே ஏற்பாடுதான் என்பதை இருவருமே விட்டுவிடுகிறார்கள். அந்த ஏற்பாடு எப்படி வேலை செய்தது என்பதை மாயா பிளிசெட்ஸ்கயாவின் வாழ்க்கையை வைத்துப் பார்ப்போம். அவர் 1925இல் மாஸ்கோவில் பிறந்தவர். 1943 முதல் 1990 வரை அந்நகரின் புகழ்பெற்ற பாலே, ஆபரா அரங்கமான பொல்ஷோய் தியேட்டரில் ஆடியவர்.

முதலில், அந்தக் கால்

தலையில் தண்ணீர்க் குடத்தோடு நடக்கும் பெண்ணைப் பார்த்திருப்பீர்கள். குடத்தைத் தாங்குவது தலை அல்ல, நிமிர்ந்த முதுகுத்தண்டு. இடுப்புக்குக் கீழே உடல் எவ்வளவு அசைந்தாலும் மேலே ஒரு நேர்கோடு கலைவதில்லை. பாலேயின் அடிப்படையும் அந்த நேர்கோடுதான்.

இரண்டாவது அடிப்படை, கால்களை இடுப்பிலிருந்தே வெளிப்பக்கமாகத் திருப்புவது. பரதநாட்டிய அரைமண்டியில் முழங்கால் பக்கவாட்டில் திரும்புவதை நினைத்துக்கொள்ளுங்கள். அரைமண்டி பூமியை நோக்கி இறங்கும். பாலே அதே திருப்பத்தை வைத்துக்கொண்டு மேலே ஏறும்.

மூன்றாவதுதான் எல்லோருக்கும் தெரிந்த விரல் நுனி. தெரிந்தவர் ஒருவரின் மகள் பயன்படுத்தி முடித்த பாய்ன்ட் ஷூ ஒன்றை ஒருமுறை கையில் வாங்கிப் பார்த்தேன். பாய்ன்ட் ஷூ என்பது நுனியில் நிற்பதற்கென்றே செய்த காலணி. வெளியே பட்டுத்துணி, மெத்தென்று இருக்கும் என்று நினைத்து நுனியை அழுத்தினால் கட்டைபோல் இருந்தது. துணியும் தாளும் அடுக்கி, பசை போட்டு இறுக்கிய ஒரு சின்னக் கூடு அது. விரல்கள் அந்தக் கூட்டுக்குள் ஒன்றாக நெருக்கி நிற்கின்றன. உள்ளங்காலின் கீழே ஒரு கெட்டிப் பட்டை தாங்குகிறது. நாடாவை ஆடுபவரே தைத்துக்கொள்வார். வியர்வையும் எடையும் பசையை இளக்கிவிடுவதால், முன்னணிக் கலைஞர் ஒருவருக்கு ஒரே நிகழ்ச்சியில் ஒரு ஜோடி தீர்ந்துபோவதும் உண்டு.

ஆனாலும் ஷூ தூக்கி நிறுத்தாது. கணுக்கால், கெண்டைக்கால், வயிறு, முதுகு எல்லாம் சேர்ந்துதான் தூக்க வேண்டும். அதனால்தான் சின்ன வயதிலேயே சேர்த்து, பல ஆண்டுகள் சுவரோரக் கம்பியைப் பிடித்துப் பழக்கிய பிறகே ஒருவரை மேடைக்கு விடுகிறார்கள்.

சுருக்கமாக: பாலே என்பது நேர்கோடும், இடுப்பிலிருந்து திரும்பிய காலும், பல ஆண்டுப் பழக்கமும். விரல் நுனி அவற்றின் விளைவு.

எல்லோரும் பாலெரினா இல்லை

ஒரு பாலே குழுவில் படிகள் உண்டு. வரிசையில் நின்று ஒரே அசைவை ஒன்றாகச் செய்யும் கூட்டத்துக்கு ‘கோர் த பாலே’ என்று பெயர். அதற்கு மேலே தனி நடனம் ஆடுபவர்கள். உச்சியில் ‘பிரிமா பாலெரினா’, அதாவது முதன்மைக் கலைஞர். ‘பாலெரினா’ என்ற சொல்லே முன்பு மேல்படியில் இருந்தவர்களுக்குத்தான் உரியது. பேச்சு வழக்கில் தேய்ந்து, ஆடும் பெண்கள் எல்லோருக்கும் ஆகிவிட்டது.

பிரிமாவுக்கும் மேலே ‘அசோலூட்டா’ என்றொரு பட்டம் உண்டு. ஜார் காலத்து ரஷ்யாவில் பியெரினா லெஞ்ஞானி, மத்தில்டா க்ஷெசின்ஸ்கயா என்ற இருவரை அப்படி அழைத்தார்கள். 1960இல் கலீனா உலானவா மேடையை விட்டு விலகிய பிறகு, பொல்ஷோயில் அந்த இடத்துக்கு வந்தவர் மாயா.

இந்த லெஞ்ஞானிதான் ‘அன்னப் பறவை ஏரி’ (Swan Lake) என்ற பாலேயில், ஒற்றைக் காலில் நின்று மறுகாலைச் சாட்டைபோல் வீசிச் சுழலும் ‘ஃபுவெத்தே’ சுற்றுகளை 32 முறை தொடர்ந்து ஆடியவர். அன்றிலிருந்து ரசிகர்கள் அந்த இடத்தில் வாய்க்குள் எண்ணிக்கொண்டே உட்கார்ந்திருப்பார்கள். மாயாவோ அந்த 32ஐ ஆடவில்லை. அதற்குப் பதில் மேடையை வட்டமாக, கண் பின்தொடர முடியாத வேகத்தில் சுழன்று கடந்தார். கணக்குத் தவறினால் கலைஞர் இல்லை என்று நினைப்பவர்கள் இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும். உலகமே முதன்மை என்று ஒப்புக்கொண்டவர், பிறர் பரீட்சையாக வைத்த ஒன்றைத் தள்ளிவிட்டுத் தனக்கு எது வருமோ அதைக் கொண்டு அந்தக் காட்சியைக் கட்டினார்.

கலை ஓர் அரசு உத்தியோகம்

சோவியத் கலைஞரை விளங்கிக்கொள்ள, சபா கச்சேரிக்குத் தேதி வாங்கும் வித்வானை நினைக்கக் கூடாது. நிரந்தர அரசு வேலையில் இருப்பவரை நினைக்க வேண்டும். தேர்வு வைத்துப் பள்ளியில் சேர்ப்பது அரசு. பயிற்சிச் செலவு அரசுடையது. படிப்பு முடிந்ததும் தியேட்டரில் வேலை; மாதச் சம்பளம், பதவி உயர்வு, இருபது ஆண்டு ஆடினால் பென்ஷன். நம் ஊரில் வேலையோடு குவார்ட்டர்ஸ் வருவதுபோல வீடும் அரசின் கையில்தான். மாயா பெயர் பெற்ற பிறகும் பல ஆண்டுகள் பொல்ஷோயின் பின்பக்கம், பல குடும்பங்கள் சமையலறையையும் கழிப்பறையையும் பகிர்ந்துகொண்ட ‘கொம்முனால்கா’ வீட்டில் ஓர் அறையில்தான் இருந்தார்.

இதோடு பட்டங்களும் வரும். ‘மக்கள் கலைஞர்’ என்ற பட்டம் நமது பத்ம விருது மாதிரி தோன்றும். ஆனால் ஃப்ரேம் போட்டு மாட்டிவைத்தால் அதன் வேலை முடிந்துவிடாது. சம்பளம், வீடு, எந்த வாசல் திறக்கும் என்பதெல்லாம் அதைப் பொறுத்தது. மாயாவுக்கு 1959இல் சோவியத் யூனியனின் மக்கள் கலைஞர் பட்டமும், 1964இல் லெனின் பரிசும், 1985இல் சோஷலிச உழைப்பு வீரர் பட்டமும் கிடைத்தன.

அரசுக்கு இதில் என்ன லாபம்? புரட்சிக்குப் பிந்தைய வறுமையில் பொல்ஷோயை மூடிவிடலாமா என்று லெனின் காலத்திலேயே பேச்சு நடந்தது. கல்வி அமைச்சராக இருந்த லுனச்சார்ஸ்கி போன்றவர்கள் அதைக் காப்பாற்றினார்கள். பின்னால் அரசு அதன் பயனைக் கண்டுகொண்டது. பாலேக்கு மொழி வேண்டாம்; மொழிபெயர்ப்பாளர் வேண்டாம். வெளிநாட்டுத் தலைவர் யார் வந்தாலும் பொல்ஷோய்க்கு அழைத்துப் போய் ‘அன்னப் பறவை ஏரி’யைக் காட்டினார்கள். அந்த அன்னமாகப் பல இரவுகள் மேடையில் இருந்தவர் மாயா.

‘மக்கள் விரோதி’யின் மகள்

இனி அதே அரசின் மறுகை.

மாயாவின் அப்பா மிகயீல் பிளிசெட்ஸ்கி, வட துருவத்தை ஒட்டிய ஸ்பிட்ஸ்பெர்கன் தீவில் சோவியத் நிலக்கரிச் சுரங்கங்களின் பொறுப்பில் இருந்தவர். அம்மா ரஹீல் மெஸ்ஸெரெர் மௌனப்பட நடிகை. 1937இல், மே தினத்துக்கு முந்தைய நாள் விடியலில், அப்பாவை வந்து அழைத்துப் போனார்கள். மாயாவுக்கு வயது 11. அடுத்த ஆண்டு ஜனவரியில் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். அந்தச் செய்தி குடும்பத்துக்கு நெடுங்காலம் தெரியாது. ஸ்டாலின் காலத்தில் இப்படிக் குற்றம் சாட்டப்பட்டவர்களுக்கு வைத்த பெயர் ‘மக்கள் விரோதி’. விரோதி ஒருவர், தண்டனை குடும்பத்துக்கு. 1938இல், குழந்தைகள் பொல்ஷோயில் சித்தி ஆடிய நிகழ்ச்சியைப் பார்க்கப் போயிருந்த மாலையில், அம்மாவையும் கைக்குழந்தையோடு கைது செய்தார்கள். கஜகஸ்தானில், இப்படிப்பட்டவர்களின் மனைவிகளுக்கென்றே நடத்திய முகாமுக்கு அவரை அனுப்பினார்கள்.

அநாதை விடுதிக்குப் போக வேண்டிய குழந்தைகளை உறவு தாங்கியது. சித்தி சுலமித் மெஸ்ஸெரெரும் தாய்மாமன் அசாஃப் மெஸ்ஸெரெரும் பொல்ஷோயின் முன்னணிக் கலைஞர்கள். சித்தி மாயாவைத் தத்தெடுத்தார். மாமன் தம்பியை எடுத்துக்கொண்டார். மாயா 1934இலேயே பாலே பள்ளியில் சேர்ந்திருந்ததால் படிப்பு தொடர்ந்தது. அப்பாவைக் கொன்ற அரசுதான் மகளின் பள்ளிச் செலவையும் பார்த்துக்கொண்டது. இந்த ஒரு வரியை எத்தனை முறை எழுதினாலும் எனக்குக் கை நிற்கிறது.

1941 ஜூன் 21 அன்று பள்ளி நிகழ்ச்சியில் ஆடி, பெயர் வாங்கினார். மறுநாள் போர் மூண்டது. 1943இல் பொல்ஷோயில் சேர்ந்தார்; கோர் த பாலே வரிசையில்தான் தொடக்கம். 1949 டிசம்பரில் கிரெம்ளினில் ஸ்டாலினின் 70ஆவது பிறந்தநாள் விழா. மா சே துங் முன்வரிசையில் இருந்தார். அங்கே ஆட அழைக்கப்பட்டவர்களில், சுட்டுக் கொல்லப்பட்ட மிகயீல் பிளிசெட்ஸ்கியின் மகளும் ஒருவர்.

இதுவரை பார்த்ததில் நினைவில் வைக்க வேண்டியது: பள்ளி, வேலை, வீடு, பட்டம் எல்லாம் ஒரே இடத்திலிருந்து வந்தன. அந்த ஒரே இடத்தில் ஒவ்வொருவர் பெயரிலும் ஒரு கோப்பும் இருந்தது.

வெளியே போக யாரிடம் கேட்பது?

நாம் வெளிநாடு போக வேண்டுமென்றால் தூதரக வாசலில் நிற்கிறோம். வரலாமா, கூடாதா என்பதைப் போகிற நாடு சொல்கிறது. சோவியத் குடிமகனுக்குக் கதை வேறு. முதலில் வெளியேற அவருடைய சொந்த நாடு அனுமதிக்க வேண்டும். தியேட்டரின் கட்சிக் கமிட்டியிலிருந்து தொடங்கி மேலே வரை அவருடைய நடத்தை, குடும்பம், பேச்சு எல்லாவற்றையும் அலசுவார்கள். உளவு அமைப்பான கே.ஜி.பி.யின் சொல்லுக்கு அங்கே எடை அதிகம். இப்படி அனுமதி மறுக்கப்பட்டவருக்கு ரஷ்ய மொழியில் ஒரு சொல்லே உண்டு: ‘நெவியெஸ்த்னயா’, வெளியேறக் கூடாதவர். ஏன் மறுத்தார்கள் என்று யாரும் எழுதித் தரமாட்டார்கள்.

1950களில் இந்தியா வந்த சோவியத் கலைக்குழுவில் மாயா இருந்தார். அதன் பிறகு கதவு மூடிக்கொண்டது. வாயைக் கட்டாத பேச்சு, சுட்டுக் கொல்லப்பட்ட அப்பா, வெளிநாட்டில் இருந்த உறவினர்கள், பிரிட்டிஷ் தூதரக அதிகாரி ஒருவரோடு பழக்கம் என்ற சந்தேகம் எல்லாம் சேர்ந்து அவரை அந்தப் பட்டியலில் தள்ளின.

1956 அக்டோபரில் பொல்ஷோய் லண்டன் போனது. மேற்கு நாடொன்றுக்கு முழுக் குழுவும் போன முதல் பெரிய பயணம் அது. 46 வயது உலானவா அங்கே ஜூலியட்டாக ஆடி லண்டனை மயக்கினார். முப்பது வயது மாயா மாஸ்கோவில் விடப்பட்டார். அவர் அழுதுகொண்டு உட்காரவில்லை. மிச்சம் இருந்தவர்களைச் சேர்த்துக்கொண்டு அதே நாட்களில் ‘அன்னப் பறவை ஏரி’ ஆடினார். அரங்கம் கொந்தளித்தது. ஆரவாரம் செய்தவர்களைக் காவலர்கள் இருக்கையிலிருந்து இழுத்துப் போனதாகத் தன் நினைவுக் குறிப்பில் எழுதியிருக்கிறார். வீட்டு வாசலில் கே.ஜி.பி. கார் நின்றதையும் அதே புத்தகத்தில் சொல்கிறார்.

1958இல் இசையமைப்பாளர் ரொடியோன் ஷெட்ரினை மணந்தார். அடுத்த ஆண்டு பொல்ஷோய் அமெரிக்கா புறப்பட்டது. மாயா அன்றைய சோவியத் தலைவர் குருஷேவுக்கே கடிதம் எழுதினார். இந்த முறை அனுமதி கிடைத்தது. ஆனால் கணவர் மாஸ்கோவிலேயே இருக்க வேண்டும். மனைவி திரும்பி வருவதற்கான ஜாமீன் அவர். அடகுக் கடையில் நகையை வைத்துவிட்டுப் பணம் வாங்கிப் போவதுபோல, வீட்டில் ஓர் உயிரை வைத்துவிட்டு விமானம் ஏறினார்கள்.

பணக் கணக்கையும் சொல்ல வேண்டும். அமெரிக்க ஏற்பாட்டாளர் சால் ஹியூராக் டாலரில் கொடுத்த தொகையில் பெரும்பங்கு சோவியத் அரசுக்குப் போனது. முதன்மைக் கலைஞரான தனக்கு ஒரு நிகழ்ச்சிக்கு 40 டாலர் வந்ததாக மாயா எழுதுகிறார். வரிசையில் ஆடியவர்களுக்கு அதைவிட மிகக் குறைவு. கொடுத்த படிக்காசைச் சேமித்து வீட்டுக்கு ஏதாவது வாங்கிப் போக, மாஸ்கோவிலிருந்து கொண்டுவந்த டப்பா உணவை ஹோட்டல் அறையிலேயே சூடாக்கிச் சாப்பிட்டார்கள். மாலையில் அதே ஆட்கள் மேடையில் அன்னங்களாக வந்து நின்றார்கள்.

ஏன் ஓடிப்போகவில்லை?

எல்லோரும் கேட்கும் கேள்வி இது. 1961இல் பாரிஸ் விமான நிலையத்தில் பாலே கலைஞர் ருடால்ஃப் நுரேயேவ் திரும்பிப் போக மறுத்தார். அவரைப் போலவே 1970இல் நத்தாலியா மக்காரவா, 1974இல் மிகயீல் பரிஷ்னிக்கவ். 1980இல் மாயாவை வளர்த்த சித்தி சுலமித்தே, தன் 71ஆவது வயதில், மகனோடு ஜப்பானிலிருந்து வெளியேறிவிட்டார்.

மாயா ஒவ்வொரு முறையும் திரும்பினார். கணவர் முதல் காரணம். பொல்ஷோய் மேடை அடுத்த காரணம். அந்த மேடையின் அகலம், பார்வையாளரை நோக்கிச் சற்றே சரியும் அதன் தரை, அந்த ஆர்க்கெஸ்ட்ரா எல்லாவற்றையும் பற்றி ஓர் உறவைப் பற்றிப் பேசுவதுபோல்தான் பேசுவார். திரும்பியவர் கோழை, ஓடியவர் வீரர் என்று பிரிப்பது தவறு என்றே நினைக்கிறேன். பத்து வயதுக்குள் ஓர் உடலை ஒரு மேடைக்காக வடித்துவிட்ட பிறகு, அந்த மேடையை விட்டுப் போவது வேலை மாறுவதுபோல் இராது.

சோவியத் யூனியன் முடிவுக்கு வந்த காலத்தில் அவரும் கணவரும் மியூனிக்கில் வாழத் தொடங்கினார்கள். 2015 மே 2 அன்று மாயா அங்கேயே காலமானார். தன் சாம்பலைக் காத்துவைத்து, கணவர் காலத்துக்குப் பின் அவருடையதோடு கலந்து, ரஷ்ய மண்ணின் மீது தூவ வேண்டும் என்று உயிலில் எழுதியிருந்தார்.

தடை என்று ஒரு தாள் கிடையாது

‘கார்மென் சூட்’ நடந்த கதை, கட்டுப்பாடு எப்படி இயங்கியது என்பதற்கு நல்ல உதாரணம். கார்மென், பிஸேயின் புகழ்பெற்ற ஆபராவின் நாயகி. மாயாவுக்குக் கார்மெனாக ஆட வேண்டுமென்று நெடுநாள் ஆசை. கியூபாவின் அல்பெர்தோ அலோன்சோ நடனம் அமைக்க ஒப்புக்கொண்டார். கியூபா நட்பு நாடு என்பதால் கலாச்சார அமைச்சர் எகத்தெரீனா ஃபுர்ட்சேவா சம்மதித்தார். பிஸேயின் இசையைத் தந்திக் கருவிகளுக்கும் தாளக் கருவிகளுக்கும் மாற்றி அமைத்தவர் ஷெட்ரின்.

1967 ஏப்ரல் 20 அன்று அரங்கேறியது. தொடை தெரியும் குட்டை உடுப்பு, மறைக்காத காமம், அடங்காத பெண். அமைச்சர் அதிர்ந்துபோனார். யாரும் தடை உத்தரவு போடவில்லை. சில பகுதிகளை வெட்டச் சொன்னார்கள். கனடா பயணப் பட்டியலிலிருந்து எடுத்தார்கள். தியேட்டர், மேடை நாட்கள், விமான டிக்கெட் எல்லாம் ஒரே கையில் இருக்கும்போது தடை என்று தனியாக ஒரு தாள் தேவையில்லை. இசையமைப்பாளர் ஷஸ்தகோவிச் போன்ற பெரியவர்கள் ஆதரித்துப் பேசினார்கள், மாயா விடவில்லை. ஏறக்குறைய 350 முறை அந்தக் கார்மெனை ஆடினார்.

அந்தக் கைகள்

இவ்வளவு சொல்லிவிட்டு ஆட்டத்தைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் அவருக்குச் செய்யும் அநியாயம்.

‘சாகும் அன்னம்’ சில நிமிட நடனம். சான்-சான்ஸின் செல்லோ இசைக்கு மிகயீல் ஃபோகின், ரஷ்ய பாலே கலைஞர் அன்னா பாவ்லவாவுக்காக அமைத்தது. (நம் ருக்மிணி தேவியை பாலேயிலிருந்து இந்திய நடனத்தின் பக்கம் திரும்பிப் பார்க்கச் சொன்னவரும் இந்தப் பாவ்லவாதான்.) மாயா அதைச் சின்ன வயதில், போருக்காக மாஸ்கோவிலிருந்து இடம்பெயர்ந்திருந்த காலத்தில், சித்தியின் துணையோடு தனக்கேற்ப அமைத்துக்கொண்டார்.

அதன் பதிவை வேகம் குறைத்துப் பாருங்கள். மேடைக்குள் முதுகைக் காட்டியபடி வருவார், முகம் தெரியாது. கீழே கால்கள் நுனியில் மிகச் சின்ன அடிகளாகத் தைத்துக்கொண்டே போகும். அதற்கு ‘புரே’ என்று பெயர். அடி எடுத்து வைப்பதே தெரியாமல் வழுக்குவதுபோல் இருக்கும். பார்க்க வேண்டியது மேலே. அசைவு விரலில் தொடங்காது. முதுகில், தோள்பட்டைக்குக் கீழே ஏதோ நகரும். பிறகு முழங்கை எழும். மணிக்கட்டு இன்னும் கீழேயே தொங்கும். முழங்கை இறங்கத் தொடங்கிய பிறகுதான் மணிக்கட்டு மேலே வரும், கடைசியாக விரல்கள். ஓர் அலை முடியுமுன்பே முதுகில் அடுத்தது கிளம்பியிருக்கும். அந்தக் கைகளுக்கு எலும்பு இல்லை என்று மக்கள் சொன்னது இதைப் பார்த்துத்தான்.

அறுபது வயதுக்குப் பிறகும் அதை ஆடினார். முடிவில் ஒரு காலை நீட்டி, அதன் மேல் மடிந்து விழுவார். அரங்கம் எழுந்து நிற்கும், கைதட்டல் ஓயாது. எழுந்து வணங்குவார். அப்போதும் ஓயாவிட்டால் செல்லோ திரும்பத் தொடங்கும். அவர் முதுகைக் காட்டியபடி மறுபடி உள்ளே வருவார்.